விரிவுரையாளர் ஆக என்ன தகுதி? இந்திய நீதிமன்றங்களில் ஒரு நீண்ட வழக்கு

1880-ஆம் ஆண்டு கும்பகோணம் அரசினர் கல்லூரியில் தமிழாசிரியர் பதவி காலியானது. அப்பதவியிலிருந்து விலகிய தியாகராச செட்டியார், தமக்குப் பின் அந்த நாற்காலிக்கு ஏற்றவர் என்று 25 வயது இளைஞர் ஒருவரைப் பரிந்துரை செய்தார். இளைஞரிடம் பல்கலைக்கழகப் பட்டம் எதுவும் கிடையாது. திருவாவடுதுறையில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பாடம் கேட்டவர் என்பதுதான் அவருடைய தகுதி. கல்லூரியில் இருந்தவர்கள் அவரைச் செய்யுள் சொல்லச் சொன்னார்கள், பொருள் கேட்டார்கள், நிறைவடைந்து வேலையும் கொடுத்தார்கள். பிற்காலத்தில் தமிழ்த் தாத்தா என்று உலகத் தமிழர் அனைவரும் போற்றிய உ.வே. சாமிநாதையர்தாம் அந்த இளைஞர்.

அதே கல்லூரியில் இன்று தமிழ் கற்பிக்க விரும்புகிறவரின் பாதை வேறு. முதுகலையில் 55 விழுக்காடு மதிப்பெண் வேண்டும். அதற்கு மேல் தேசியத் தகுதித் தேர்விலோ மாநிலத் தகுதித் தேர்விலோ தேறியிருக்க வேண்டும். இல்லாவிட்டால் குறிப்பிட்ட விதிகளின்படி பெற்ற முனைவர் பட்டம் கையில் இருக்க வேண்டும். எந்த விதிகளின்படி, எந்தத் தேதிக்கு முன் பதிவு செய்தது, எத்தனை தேர்வாளர்கள் ஆய்வேட்டைத் திருத்தினார்கள் என்பதற்கெல்லாம் சான்றிதழ் கேட்பார்கள். ஓர் ஆசிரியரின் வாய்ச்சொல் போதுமானதாக இருந்த காலத்திற்கும் இதற்கும் இடையில் நடந்தவற்றில் பெரும் பகுதி நீதிமன்றத்தில்தான் நடந்தது. அந்த வழக்குகளின் கதை, தமிழகத்தில் உறவினர்களை வைத்திருக்கும் மலேசிய, சிங்கப்பூர்த் தமிழர்களுக்கு ஓரளவு தெரிந்திருக்கும். "அக்காள் மகள் பி.எச்.டி. முடித்துவிட்டாள், ஆனால் வேலைக்கு அது செல்லாதாம்" என்று தொலைபேசியில் கேட்ட செய்தியின் பின்னணி இதுதான்.

ஒரு சட்டமும் ஒரு சொல்லும்

இந்தியா விடுதலை பெற்ற மறு ஆண்டில், 1948-இல், டாக்டர் ராதாகிருஷ்ணன் தலைமையில் பல்கலைக்கழகக் கல்விக் குழு அமைக்கப்பட்டது. உயர்கல்வி நிலையங்களுக்கு மானியம் வழங்கி அவற்றின் தரத்தைக் கவனிக்க ஓர் அமைப்பு வேண்டும் என்ற எண்ணம் அக்குழுவின் அறிக்கைக்குப் பின் வலுப்பெற்றது. 1953 டிசம்பர் 28-இல் பல்கலைக்கழக மானியக் குழுவைக் கல்வி அமைச்சர் மௌலானா ஆசாத் தொடக்கி வைத்தார். 1956-இல் அதற்கெனத் தனிச் சட்டம் வந்தது.

அந்தச் சட்டத்தின் 26-ஆவது பிரிவில் ஓர் உட்பிரிவு இருக்கிறது. பல்கலைக்கழக ஆசிரியர்களாக நியமிக்கப்படுவோருக்கு "சாதாரணமாக" எந்தத் தகுதிகள் வேண்டும் என்பதை வரையறுத்து மானியக் குழு விதிமுறைகள் செய்யலாம் என்கிறது அது. இந்தச் "சாதாரணமாக" என்ற சொல்லைச் சட்டம் எழுதியவர்கள் எவ்வளவு யோசித்துப் போட்டார்கள் என்று சொல்ல முடியாது. ஆனால் பின்னாளில் வழக்கறிஞர்கள் இந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு மணிக்கணக்கில் வாதாடினார்கள். சாதாரணமாக வேண்டும் என்றால், சில வேளைகளில் வேண்டாம் என்றும் பொருள் கொள்ளலாம் அல்லவா?

இன்னொரு சிக்கலும் அரசமைப்புச் சட்டத்திலேயே இருந்தது. தொடக்கத்தில் கல்வி மாநிலங்களின் பட்டியலில் இருந்தது. 1976-இல் கொண்டுவரப்பட்ட 42-ஆவது திருத்தம் அதை மத்திய, மாநில அரசுகளுக்குப் பொதுவான பட்டியலுக்கு மாற்றியது. ஆனால் உயர்கல்வியின் தரத்தை நிர்ணயிக்கும் அதிகாரம் மட்டும் முதலிலிருந்தே மத்திய அரசிடம் இருந்தது. கல்லூரியைக் கட்டுவது மாநிலம், சம்பளம் கொடுப்பது மாநிலம், ஆசிரியரைத் தேர்ந்தெடுப்பதும் மாநிலம். அவருக்கு என்ன தகுதி வேண்டும் என்று சொல்வது டெல்லி. இந்த ஏற்பாட்டில் வழக்கு வராமல் இருந்திருந்தால்தான் வியப்பு.

தேர்வு எப்படி வந்தது?

1980-களின் தொடக்கத்தில் கல்லூரி ஆசிரியர்களின் சம்பளத்தை மாற்றியமைக்கப் பேராசிரியர் ஆர்.சி. மெஹ்ரோத்ரா தலைமையில் மானியக் குழு ஒரு குழுவை அமைத்தது. 1986-இல் வந்த அதன் பரிந்துரைகள் சம்பளத்தோடு நிற்கவில்லை. நல்ல சம்பளம் கொடுப்பதானால் நல்ல ஆட்களை எடுக்க வேண்டும், அதற்கு நாடு முழுவதற்கும் பொதுவான தகுதித் தேர்வு வேண்டும் என்றது குழு. ஒரு பல்கலைக்கழகத்தில் முதல் வகுப்பு என்பது இன்னொன்றில் இரண்டாம் வகுப்புக்குச் சமம் என்ற முணுமுணுப்பு அப்போது பரவலாக இருந்தது. அதில் உண்மையும் இருந்தது.

1988 ஜூலையில் இந்திய அரசு அந்தப் பொறுப்பை மானியக் குழுவிடமே கொடுத்தது. 1989 டிசம்பரில் முதல் தேர்வு நடந்தது. மக்கள் அதை "நெட்" என்று அழைக்கத் தொடங்கினார்கள். மாநிலங்களும் மானியக் குழுவின் ஒப்புதலோடு தங்கள் சொந்தத் தேர்வை நடத்தலாம் என்று விடப்பட்டது. அது "ஸ்லெட்" அல்லது "செட்" ஆனது. 1991 செப்டம்பர் 19-இல் வந்த விதிமுறைகள் இந்தத் தேர்வை விரிவுரையாளர் பதவிக்கான தகுதியாக அறிவித்தன.

அதுவரை ஆய்வுப் பட்டம் பெற்றுவிட்டால் கல்லூரி வேலை கிடைக்கும் என்று நம்பிப் பல ஆண்டுகளைச் செலவிட்டவர்கள் ஒரு பக்கம் நின்றார்கள். சில மணி நேரத் தேர்வு ஒருவருடைய பத்தாண்டு உழைப்பை எப்படி அளக்கும் என்று அவர்கள் கேட்டார்கள். தேர்வில் தேறியவர்கள் மறுபக்கம் நின்றார்கள். விதி என்று ஒன்று இருக்கும்போது தேறாதவரை ஏன் எடுக்கிறீர்கள் என்பது அவர்களுடைய கேள்வி. இரண்டு கேள்விகளிலும் நியாயம் இருக்கிறது.

டெல்லியில் முதல் பெரிய தீர்ப்பு

தேறாதவர்களையும் டெல்லிப் பல்கலைக்கழகம் விரிவுரையாளர் பதவிக்கு ஏற்றுக்கொள்வதை எதிர்த்து ஒருவர் நீதிமன்றம் சென்றார். டெல்லி உயர் நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. விதி கட்டாயம், தேர்வில் தேறியவரை மட்டுமே எடுக்க வேண்டும் என்றது. பல்கலைக்கழகம் உச்ச நீதிமன்றத்திற்குப் போனது. தன்னாட்சி உள்ள பல்கலைக்கழகத்தின் கையை மானியக் குழு இப்படிக் கட்டிப்போட முடியாது என்பது அதன் வாதம்.

1994 செப்டம்பர் 8-இல் உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பை இரு தரப்பினரும் தங்கள் வெற்றி என்று சொல்லிக்கொள்ளலாம். விதி செல்லும், அதைச் செய்யும் அதிகாரம் மானியக் குழுவுக்கு உண்டு என்றது நீதிமன்றம். ஆனால் அது பரிந்துரைதான் என்றும் சொன்னது. ஒரு பல்கலைக்கழகம் அதைப் பின்பற்றாமல் போகலாம். அப்படிப் போனால் மானியக் குழு காரணம் கேட்கும். காரணம் சரியில்லை என்று கருதினால் சட்டத்தின் 14-ஆவது பிரிவின்கீழ் மானியத்தை நிறுத்தி வைக்கலாம். அவ்வளவுதான்.

வீட்டுப் பேச்சில் சொல்வதானால், "நான் சொல்கிறபடி நடக்க வேண்டிய கட்டாயமில்லை, ஆனால் செலவுக்குப் பணம் தர மாட்டேன்" என்று தகப்பன் மகனிடம் சொல்வது போன்றது இது. மானியத்தை நம்பியே விளக்கெரிக்கும் பல்கலைக்கழகங்களுக்கு அதுவே கட்டாயமாகிவிட்டது. மானியம் பெறாத தனியார் கல்லூரிகளோ அதிகம் அலட்டிக்கொள்ளவில்லை.

தேதிகள் நகர்ந்த காலம்

இதற்குப் பிறகு வந்த பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளை விவரிக்க ஒரு நாட்காட்டி போதும். 1993 டிசம்பர் 31-க்குள் எம்.ஃபில் முடித்தவர்களுக்கும் முனைவர் பட்ட ஆய்வேட்டை ஒப்படைத்தவர்களுக்கும் நெட் தேவையில்லை என்று விலக்கு கொடுக்கப்பட்டது. 2000-ஆம் ஆண்டு விதிமுறைகள், மற்ற முனைவர்கள் நெட் எழுதியே ஆக வேண்டும் என்றன. 2002-இல் ஒரு திருத்தம் வந்து அந்தக் கடைசித் தேதியை 2002 டிசம்பர் 31-க்குத் தள்ளியது. 2006 ஜூனில் தேதியே வேண்டாம் என்று முடிவானது. முனைவர் பட்டம் இருந்தால் நெட் வேண்டாம், எம்.ஃபில் இருந்தால் இளங்கலை வகுப்புகளுக்கு நெட் வேண்டாம் என்று கதவு அகலத் திறந்தது.

திறந்த கதவுக்குள் கூட்டம் முண்டியடித்தது. எம்.ஃபில் சேர்க்கைக்கு வரிசை நின்றது. அஞ்சல்வழியில்கூட ஆய்வுப் பட்டங்கள் வழங்கப்பட்டன. ஒரே பேராசிரியரின்கீழ் இருபது, முப்பது பேர் ஆய்வு செய்கிறார்கள் என்றால் யார் யாருக்கு வழிகாட்டுவது? ஆய்வேடு எழுதிக் கொடுக்கவே கடை வைத்திருக்கிறார்கள் என்று தமிழக இதழ்கள் எழுதின. கல்வித் தரத்தைப் பற்றிக் கவலைப்பட்டவர்கள் சும்மா கவலைப்படவில்லை.

பேராசிரியர் பாலச்சந்திர முங்கேகர் தலைமையில் அமைந்த குழு, நெட் தேர்வைத் திரும்பவும் கட்டாயமாக்க வேண்டும் என்றது. 2008 நவம்பரில் மத்திய அரசு மானியக் குழுவுக்கு அதற்கான வழிகாட்டுதலைக் கொடுத்தது. 2009 ஜூலை 11-இல் புதிய விதிமுறைகள் நடப்புக்கு வந்தன. இனி நெட் அல்லது செட் கட்டாயம். ஒரே விலக்கு, அதே 2009-இல் கொண்டுவரப்பட்ட முனைவர் பட்ட விதிமுறைகளின்படி பட்டம் பெற்றவர்களுக்கு. அந்த விதிமுறைகளில் நுழைவுத் தேர்வு உண்டு, குறைந்தது ஒரு பருவம் பாட வகுப்புகள் உண்டு, ஒரு வழிகாட்டியின்கீழ் எட்டு முனைவர் பட்ட ஆய்வாளர்களுக்கு மேல் கூடாது, தொலைதூரக் கல்வியில் முனைவர் பட்டம் கூடவே கூடாது.

விதியில் குறை சொல்ல அதிகம் இல்லை. ஆனால் அதற்கு முந்தைய முனைவர்கள் என்ன ஆவது?

ஒருவரின் பதினோராண்டு

2005-இல் முனைவர் பட்டத்திற்குப் பதிவு செய்து 2008-இல் பட்டம் பெற்ற ஒரு பெண்ணைக் கற்பனை செய்துகொள்ளலாம். ஊர் திருநெல்வேலிப் பக்கம் என்று வைத்துக்கொள்ளலாம். பதிவு செய்தபோது நெட் எழுதாமல் வேலை கிடையாது. ஆய்வின் நடுவில், 2006-இல், நெட் தேவையில்லை என்றானது. நிம்மதியாக ஆய்வை முடித்தார். பட்டம் கைக்கு வந்த மறு ஆண்டே அந்தப் பட்டம் விலக்குக்குப் போதாது என்றானது. அவர் செய்த தவறு என்ன? 2009-இல் வரப்போகும் விதிகளின்படி 2005-இல் பதிவு செய்யாதது.

இப்படிப்பட்டவர்கள் இந்தியாவெங்கும் நீதிமன்றங்களை நாடினார்கள். 2010 டிசம்பரில் சென்னை உயர் நீதிமன்றமும் டெல்லி உயர் நீதிமன்றமும் அவர்களுடைய மனுக்களை ஏற்க மறுத்தன. 2012 ஏப்ரலில் அலகாபாத் உயர் நீதிமன்றம் நேர்மாறாகச் சொன்னது. பழைய முனைவர்களுக்கு விலக்கு உண்டு என்றது. ஆக, ஒரே பட்டம் கங்கைக் கரையில் செல்லும், தாமிரபரணிக் கரையில் செல்லாது என்ற நிலை சில காலம் இருந்தது.

இன்னும் விசித்திரமான ஒன்று இடையில் நடந்திருந்தது. மானியக் குழுவே 2010-இல் கூடி, பழைய முனைவர்களுக்குப் புதிய விதியைப் பொருத்தக் கூடாது என்று தீர்மானித்தது. விதி செய்தவர்களே விலக்கு தரலாம் என்கிறார்கள். மத்திய அரசு ஒப்புக்கொள்ளவில்லை. அதே ஆண்டு நவம்பரில் மறுத்துக் கடிதம் எழுதிவிட்டது.

எல்லா மேல்முறையீடுகளும் ஒன்றாகச் சேர்க்கப்பட்டு உச்ச நீதிமன்றத்திற்கு வந்தன. 2015 மார்ச் 16-இல் தீர்ப்பு. எழுதியவர் நீதிபதி ரோஹிண்டன் நாரிமன். மனுதாரர்களின் வாதங்கள் ஒவ்வொன்றாகத் தள்ளப்பட்டன. கொள்கை சார்ந்த விஷயங்களில் மத்திய அரசின் வழிகாட்டுதலுக்கு மானியக் குழு கட்டுப்பட்டது என்று சட்டத்தின் 20-ஆவது பிரிவு சொல்வதால், குழுவின் தனிக் கருத்துக்கு எடை இல்லை. விதி பின்னோக்கிச் செல்கிறது என்பதும் சரியில்லை. அது இனிமேல் நடக்கும் நியமனங்களுக்குத்தான் பொருந்துகிறது, ஏற்கனவே வேலையில் இருப்பவரை நீக்கவில்லை. வேலைக்கு விண்ணப்பிக்கத் தகுதியாக இருப்பது ஓர் எதிர்பார்ப்பு, உரிமை அல்ல. நியமன ஆணை கையில் வரும் வரை எவருக்கும் உரிமை பிறப்பதில்லை.

சட்ட நோக்கில் இந்தத் தீர்ப்பு உறுதியானது. வாசிக்கும்போது எங்கும் தடுக்கவில்லை. ஆனாலும் ஓர் இடைவெளி மனத்தை உறுத்துகிறது. எதிர்பார்ப்பு வானத்திலிருந்து குதித்ததில்லை. அரசே அரசிதழில் அச்சிட்டுக் கொடுத்த எதிர்பார்ப்பு அது. அதை நம்பி ஒருவர் வேறு வேலைக்குப் போகாமல், திருமணத்தைத் தள்ளிப்போட்டு, நூலகத்தில் உட்கார்ந்திருந்தார் என்றால் அந்த ஆண்டுகளுக்கு யார் கணக்குச் சொல்வது? நீதிமன்றத்தின் வேலை அதுவல்ல என்று சொல்லிவிடலாம். அரசின் வேலை என்று யாராவது ஒப்புக்கொண்டிருக்க வேண்டும்.

ஒருவகையில் அரசு பிறகு ஒப்புக்கொண்டது. வழக்கில் வென்ற அதே தரப்பு, அடுத்த ஆண்டே இறங்கி வந்தது. பேராசிரியர் அருண் நிகவேகர் தலைமையிலான குழுவின் பரிந்துரையை ஏற்று, 2016-இல் வந்த திருத்தங்கள் 2009 ஜூலை 11-க்கு முன் பதிவு செய்தவர்களுக்கு ஐந்து நிபந்தனைகளோடு விலக்கு கொடுத்தன. பட்டம் முறைப்படியான நேரடிக் கல்வியில் பெற்றதாக இருக்க வேண்டும். வெளித் தேர்வாளர்கள் குறைந்தது இருவர் ஆய்வேட்டை மதிப்பிட்டிருக்க வேண்டும். வாய்மொழித் தேர்வு பொதுவில் நடந்திருக்க வேண்டும். ஆய்விலிருந்து இரண்டு கட்டுரைகள் வெளியாகியிருக்க வேண்டும், அவற்றில் ஒன்றாவது மதிப்பீட்டுக்கு உட்பட்ட ஆய்விதழில். கருத்தரங்குகளில் இரண்டு கட்டுரைகள் படித்திருக்க வேண்டும்.

இவை அனைத்திற்கும் துணைவேந்தரோ அவருக்கு நிகரான அதிகாரியோ சான்று தர வேண்டும் என்றும் போடப்பட்டது. எட்டு, பத்து ஆண்டுகளுக்கு முன் நடந்த வாய்மொழித் தேர்வு பொதுவில் நடந்ததா என்று இன்றைய அதிகாரி எதை வைத்துச் சொல்வார்? கோப்பு கிடைத்தவர்கள் தப்பினார்கள். திருநெல்வேலிப் பெண்ணுக்கும் கோப்பு கிடைத்தது என்று நம்பலாம். 2005-இல் தொடங்கிய அவர் பயணத்தில் 2016-க்குள் விதி மூன்று முறை நிறம் மாறிவிட்டது.

தேர்வு முடிந்த பின் மாறிய மதிப்பெண்

நெட் எழுதியவர்களும் வழக்கிலிருந்து தப்பவில்லை. 2012 ஜூன் தேர்வுதான் எல்லாத் தாள்களும் கொள்குறி வினாக்களாக மாறிய முதல் தேர்வு. பொதுப் பிரிவினர் முதல் இரண்டு தாள்களில் தலா 40 விழுக்காடும் மூன்றாம் தாளில் 50 விழுக்காடும் எடுக்க வேண்டும் என்று அறிவிக்கப்பட்டிருந்தது. தேர்வு முடிந்து முடிவு வரும் நேரத்தில், மொத்தத்தில் 65 விழுக்காடு வேண்டும் என்று மானியக் குழு சொன்னது. மற்றப் பிற்படுத்தப்பட்டோருக்கு 60, தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், உடற்குறையுள்ளோர் ஆகியோருக்கு 55.

ஓட்டப் பந்தயம் முடிந்த பின் எல்லைக் கோட்டைத் தள்ளி வைப்பது என்ன நியாயம் என்று கேட்டவர்களுக்குக் கேரள உயர் நீதிமன்றமும் மும்பை உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் கிளையும் செவிசாய்த்தன. உச்ச நீதிமன்றம் 2013 செப்டம்பர் 19-இல் அந்தத் தீர்ப்புகளை மாற்றியது. அறிவிப்பைக் கூர்ந்து படித்தால், இறுதித் தகுதி அளவை முடிவு வெளியிடுமுன் மானியக் குழு தீர்மானிக்கும் என்று ஒரு வரி இருக்கிறது. அந்த ஒரு வரிதான் குழுவைக் காப்பாற்றியது. விண்ணப்பப் படிவத்தின் சிறிய எழுத்துகளைப் படிக்காமல் கையெழுத்துப் போடக் கூடாது என்று பெரியவர்கள் சொல்வது கடன் வாங்குவதற்கு மட்டும் பொருந்துவதில்லை.

பின்னர் இந்தச் சிக்கலைத் தவிர்க்க, தேர்வெழுதுவோரில் 6 விழுக்காட்டினரே தகுதி பெறுவர் என்ற முறை வந்தது. தமிழ் இலக்கியம் படித்தவர்களுக்கு இதில் தனி வலி ஒன்று உண்டு. பாடத் தாளைத் தமிழில் எழுதலாம். ஆனால் எல்லாருக்கும் பொதுவான முதல் தாள் ஆங்கிலத்திலும் இந்தியிலும்தான் வரும். சங்க இலக்கியத்தில் கரை கண்டவர்கூட முதலில் ஆங்கிலத்தில் தருக்கக் கணக்குப் போட வேண்டும்.

திரைப்படக் கல்லூரியும் அஞ்சல்வழிப் பட்டமும்

மலேசியாவில் அஞ்சல்வழியில் தமிழகப் பல்கலைக்கழகப் பட்டம் பெற்றவர்கள் கவனிக்க வேண்டிய வழக்கு ஒன்று உண்டு. சென்னையிலுள்ள அரசுத் திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சிக் கல்லூரியின் முதல்வர் பதவி தொடர்பாக எழுந்தது அது. அண்ணாமலைப் பல்கலைக்கழகம் திறந்தநிலைக் கல்வி முறையில், இளங்கலைப் பட்டம் இல்லாதவர்களுக்கும் முதுகலைப் பட்டம் வழங்கி வந்தது. அப்படிப் பெற்ற எம்.ஏ. பதவிக்குத் தகுதியாகுமா என்பது கேள்வி.

2009 பிப்ரவரி 26-இல் உச்ச நீதிமன்றம் ஆகாது என்றது. மானியக் குழுவின் 1985-ஆம் ஆண்டு விதிமுறைகள் அடிப்படைப் பட்டம் இல்லாமல் முதுகலை தருவதை ஏற்கவில்லை, திறந்தநிலைக் கல்வி என்பதால் அவற்றைத் தாண்டிச் செல்ல முடியாது என்பது முடிவு. பள்ளிப் படிப்பு, இளங்கலை, முதுகலை என்ற ஏணியில் ஒரு படி விடுபட்டிருந்தால் மேற்படியில் நிற்பதாகக் கணக்கில்லை. இதன் அதிர்வு திரைப்படக் கல்லூரியோடு நிற்கவில்லை. தமிழகத்தில் பதவி உயர்வுக்குக் காத்திருந்த பலருடைய பட்டங்கள் தூசு தட்டிப் பார்க்கப்பட்டன.

மாநிலத்தைக் கட்டுப்படுத்துமா?

2015 மார்ச் மாதத்தில் இன்னொரு தீர்ப்பும் வந்தது. முனைவர் பட்ட வழக்குக்கு ஐந்து நாள் முன்பு, மார்ச் 11-இல். மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர், மானியக் குழுவின் 2010-ஆம் ஆண்டு விதிமுறைகள் கேட்கும் பேராசிரியர் அனுபவம் இல்லாதவர் என்று கூறி, அவர் நியமனத்தைச் சென்னை உயர் நீதிமன்றம் 2014-இல் ரத்து செய்திருந்தது. உச்ச நீதிமன்றம் அந்த முடிவை மாற்றியது. மத்திய பல்கலைக்கழகங்களுக்கு விதி கட்டாயம், மாநிலப் பல்கலைக்கழகங்களுக்கு அந்த மாநிலம் அதை ஏற்றுக்கொண்டால்தான் கட்டாயம் என்றது.

மாநில உரிமை பேசுவோர் மகிழ்ந்தனர். மகிழ்ச்சி ஏழாண்டுதான் நீடித்தது. 2022 மார்ச் 3-இல் குஜராத்தின் சர்தார் பட்டேல் பல்கலைக்கழகத் துணைவேந்தர் நியமனத்தை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. மானியக் குழுவின் விதிகளுக்கு முரணாக மாநிலச் சட்டம் இருந்தால் மத்திய விதியே மேலோங்கும் என்பது அதன் நிலை. அதே ஆண்டு அக்டோபரில் கேரளத்தின் ஏ.பி.ஜே. அப்துல் கலாம் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத் துணைவேந்தர் பதவியும் அதே அடியில் விழுந்தது. 1994-இல் பரிந்துரையாகத் தொடங்கிய ஒன்று 28 ஆண்டுகளில் மாநிலச் சட்டத்தையே தள்ளி நிறுத்தும் அளவுக்கு வளர்ந்துவிட்டது. இடையில் சட்டத்தின் 26-ஆவது பிரிவில் "சாதாரணமாக" என்ற சொல்லை யாரும் எடுத்துவிடவில்லை என்பதுதான் வேடிக்கை.

மலேசியாவில் விரிவுரையாளர்களுக்கென நாடு தழுவிய தகுதித் தேர்வு கிடையாது. மலேசியத் தகுதி முகாமை தரத்தைக் கவனிக்கிறது. இளங்கலை கற்பிப்பவர் முதுகலை பெற்றிருக்க வேண்டும் என்பது போல, கற்பிக்கும் படிப்பைவிட ஒரு படி மேலான தகுதி வேண்டும் என்பது அங்கே பொது விதி. அதில் கேள்வியே இல்லை என்று சொல்வதற்கில்லை. ஆனால் ஒருவர் எந்தத் தேதியில் பதிவு செய்தார் என்பதற்காக வழக்கு மன்றம் ஏற வேண்டிய நிலை அங்கு எழவில்லை.

இந்திய விதிகளில் மலேசிய, சிங்கப்பூர்ப் பட்டதாரிகளுக்கு ஒரு வாசல் இருக்கிறது. 2018 ஜூலை 18-இல் வந்த விதிமுறைகளின்படி, குறிப்பிட்ட மூன்று உலகத் தர வரிசைகளில் ஏதாவது ஒன்றில் முதல் 500 இடங்களுக்குள் வந்த வெளிநாட்டுப் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றவருக்கு நெட் வேண்டாம். மலாயாப் பல்கலைக்கழகமும் சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகமும் அந்தப் பட்டியல்களில் இடம்பெற்றவை. அங்கே தமிழாய்வு செய்து பட்டம் பெற்றவர், தமிழகத்தில் அதே பொருளில் ஆய்வு செய்தவர் கேட்கப்படும் ஐந்து சான்றுகளைத் தேடி அலைய வேண்டியதில்லை. தமிழுக்கான ஆய்வில் எது தரமானது என்பதை ஆங்கிலத் தர வரிசை முடிவு செய்வதைத் தமிழகப் பேராசிரியர்கள் எப்படி எடுத்துக்கொள்வார்கள் என்பது வேறு கதை.

அதே 2018 விதிமுறைகள் பல்கலைக்கழக உதவிப் பேராசிரியர் பதவிக்கு 2021 ஜூலை முதல் முனைவர் பட்டம் கட்டாயம் என்றன. கொரோனா காலத்தில் அது 2023 ஜூலைக்குத் தள்ளிப்போனது. அந்த நாளும் வந்தபோது, முனைவர் பட்டம் கட்டாயமில்லை, நெட் அல்லது செட் போதும் என்று திருத்தம் வந்தது. 2022-இல் வந்த புதிய ஆய்வுப் பட்ட விதிமுறைகளோடு எம்.ஃபில் என்ற பட்டமே நின்றுபோயிருந்தது. ஒரு காலத்தில் வரிசை நின்று வாங்கிய பட்டம் அது.

2024 ஜூன் 18-இல் ஒன்பது லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் எழுதிய நெட் தேர்வு மறுநாளே ரத்தானது. வினாத்தாள் கசிந்துவிட்டது என்ற ஐயம்தான் காரணம். கசிந்ததற்குச் சான்றாகக் காட்டப்பட்ட படமே திருத்தப்பட்டது என்று பின்னர் சி.பி.ஐ. கண்டறிந்தது. தேர்வர்கள் ஆகஸ்டு, செப்டம்பரில் மறுபடியும் எழுத வேண்டியதாயிற்று.

2025 ஜனவரி 6-இல் மானியக் குழு இன்னொரு வரைவை வெளியிட்டது. பட்டம் ஒரு பாடத்தில் இருந்தாலும் நெட் தேறிய வேறு பாடத்தில் கற்பிக்கலாம், தொழில்துறையில் இருந்தவரும் துணைவேந்தர் ஆகலாம் என்ற யோசனைகள் அதில் இருந்தன. மூன்று நாள் கழித்து, ஜனவரி 9-இல், வரைவைத் திரும்பப் பெற வேண்டும் என்று தமிழகச் சட்டமன்றம் தீர்மானம் நிறைவேற்றியது. இதுவும் நடைமுறைக்கு வந்தால் நீதிமன்றம் செல்வோம் என்று முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் அவையில் கூறினார்.